டாம் குரூஸ் பின்னாடியே சுத்துற அந்த பேசாத சாமுராய் பெரியவர் யாரு?

வியாசர்பாடி வினோ:

எல்லாருக்கும் வணக்கம். சினிமா பகுதில இதான் என் மொத போஸ்ட்டு, தப்பான எடத்துல போட்டிருந்தா அட்மின் மாத்தி வுட்ருங்க. ஞாயித்துக்கெழம டிவில தி லாஸ்ட் சாமுராய் போட்டுகினு இருந்தான், ஏற்கனவே பாத்த படம்தான், ஆனா இந்த தபா எங்க பெரிய மாமாவும் பக்கத்துல குந்திகினு பாத்தார். அவர் ஒரு காலத்துல வடபழனி பக்கம் ஃபைட்டரா இருந்தவரு, எத்தினியோ படத்துல ஹீரோ கையால அடி வாங்கி கண்ணாடிய ஒடச்சிகினு வெளிய வந்து வியுந்திருக்கார், மூஞ்சி ஒரு எடத்துலயும் தெரியாது. இப்ப முட்டி போய்ட்டு வூட்டோட கீறார்.

படத்துல டாம் குரூஸ கைதியா புடிச்சினு போய் மலை கிராமத்துல வெச்சிருப்பாங்கல்ல, அப்ப ஒரு வயசான சாமுராய் காவலுக்கு அவர் பின்னாடியே நடந்துகினு இருப்பார், ஒரு வார்த்த பேச மாட்டார், டாம் குரூஸே கடுப்பாகி அவருக்கு 'பாப்'னு ஒரு பேர் வெச்சுடுவாரு. அந்த ஆள பாத்துட்டு மாமா சொல்றார், "டேய், இவன் நிக்கிற நிப்ப பாரு. இது வசனம் பேச வந்தவன் நிப்பு இல்ல, வெட்டு வாங்க வந்தவன் நிப்பு. நம்ம செட்டுடா இவன்."

அப்பால செல்லுல தேடுனா பேரு செய்ஸோ ஃபுகுமோதோன்னு வருது, அம்பதாயிரம் தடவ வெட்டுப்பட்டு செத்த நடிகர்னு வருது, அதுக்கு மேல எல்லாம் ஜப்பான் எயுத்து. இவர் நெஜமாவே ஆயுசு முழுக்க சின்ன ரோல்தான் பண்ணாரா? அம்பதாயிரம்ன்றது நெஜமா இல்ல சும்மா டபாய்க்கிறானுங்களா? வெட்டு வாங்கியே எப்டி குடும்பம் ஓட்ட முடியும்? தெரிஞ்சவங்க சொல்லுங்க, மாமா தெனம் சாயங்காலம் கேக்குறார்.

பெரம்பூர் பாஸ்கர்:

தம்பி வினோ, மொதல்ல உங்க மாமாவுக்கு ஒரு கும்பிடு. நிக்கிறத வெச்சே தொழில சொல்லிட்டார் பாருங்க. நான் பர்மா பஜார்ல டிவிடி வாங்கி ஜப்பான் படம் பாக்க ஆரம்பிச்ச ஆளு, அப்ப எல்லாம் எனக்கும் டைரக்டர் குரோசவா, ஹீரோ மிஃபுனே இவ்ளோதான் தெரியும், பின்னாடி விழுறவன எவன் பாத்தான்.

ஃபுகுமோதோ 1943ல பொறந்தவர், ஹ்யோகோ மாகாணத்துல கடலோர ஊரு, கசுமி. ஸ்கூல் முடிச்சதும் கியோத்தோல சொந்தக்காரங்க அரிசிக் கடைல வேலைக்கு வந்தார், அது ஒத்து வரல, அப்டியே தோயெய்ன்ற சினிமா கம்பெனியோட உசுமாசா ஸ்டுடியோக்குள்ள போய்ட்டார். 1958, வயசு 15. நடிகனாகியே தீருவேன்னு ரயிலேறி வந்த கதை எல்லாம் கெடையாது, சோத்துக்கு ஒரு வேல, அவ்ளோதான்.

ஆனா அவர் உள்ள போன வருசத்த கவனிங்க. ஜப்பான் சினிமாவுக்கு அதான் உச்சம், 1958ல மட்டும் 112 கோடி டிக்கெட் வித்துச்சு, அந்த நாட்டு ஜனத்தொகையே அப்ப 9 கோடி சொச்சம்தான், அப்ப கைக்கொழந்தைய சேத்து ஆளுக்கு 12 படம்னு வெச்சுக்கங்க. 1960ல 547 படம் எடுத்தாங்க. தோயெய்காரன் வாரா வாரம் ரெண்டு புதுப்படம் எறக்குனான், அதுல பாதிக்கு மேல வாள் சண்ட படம், கதஓகா சியெசோ, நகாமுரா கின்னோசுகே மாதிரி ஸ்டார்ங்க நடுவுல நின்னு சுத்தி வர்றவன எல்லாம் வெட்டுவாங்க. ஒரு படத்துக்கு முப்பது பேரு சாகணும்னா வாரத்துக்கு எவ்ளோ பேரு சாகணும்? அதுக்கு ஆள் வேணும்ல, அங்கதான் நம்மாளு வர்றார்.

ஸ்டாருக்கு தனி ரூம். இவங்களுக்கு எல்லாம் சேத்து ஒரே பெரிய ஹால், நூத்துக்கணக்குல ஆளுங்க, அங்கயே விக்கு, மேக்கப், டிரஸ் எல்லாம். காலைல ஒரு படத்துல கொள்ளக்காரனா செத்துட்டு மத்தியானம் பக்கத்து செட்டுல போலீஸ்காரனா சாவுறது. சில நேரம் ஒரே சண்டையில ரெண்டு தடவ, ஒரு தடவ விழுந்துட்டு கேமராவுக்கு வெளிய உருண்டு போய் சுத்திகிட்டு வந்து இன்னொருத்தனா மறுபடியும் விழுறது.

அப்பறம் டிவி வந்து சினிமாவ சாப்புட்டுச்சு. 1963லயே டிக்கெட் 51 கோடிக்கு எறங்கிடுச்சு, அஞ்சே வருசத்துல பாதிக்கும் கீழ. தோயெய் உடனே வாள உள்ள வெச்சுட்டு யாகுசா படம், அதாவது ரவுடி கும்பல் படம், எடுக்க ஆரம்பிச்சான், நம்மாளு கத்திக்கு பதிலா துப்பாக்கில சாக ஆரம்பிச்சார். வாள் சண்ட எல்லாம் டிவி சீரியலுக்கு போச்சு, மிடோ கோமோன்னு ஒன்னு 1969ல ஆரம்பிச்சு 2011 வரைக்கும் ஓடுச்சு, அபரென்போ ஷோகுன்னு ஒன்னு 1978ல ஆரம்பிச்சு 2003 வரைக்கும். வாரா வாரம் கடைசி பத்து நிமிசம் சண்ட, வாரா வாரம் இவங்க விழணும். இவருக்கு சோறு போட்டது சினிமாவ விட இந்த சீரியலுங்கதான்னு நான் சொல்வேன்.

2003ல லாஸ்ட் சாமுராய், அதே வருசம் 60 வயசு ஆச்சு, கம்பெனில ரிட்டயர்மெண்ட். அதுக்கப்பறமும் நடிச்சார். 2014ல, 71 வயசுல, மொத தடவயா ஹீரோ. 2021 ஜனவரி 1ஆம் தேதி நுரையீரல் புத்துநோயில போய்ட்டார், 77 வயசு.

காசிமேடு கணேஷ்:

பாஸ்கர் அண்ணே சூப்பரா சொன்னீங்க ஆனா மெயின் மேட்டர் வுட்டுட்டீங்க, அந்தாளு எப்டி வியுவாருன்னு சொல்லலியே. நான் சிலம்பம் கத்து தர்றவன், இவரோட வீடியோ ஒன்னு கெடச்சு திரும்ப திரும்ப ஓட்டி பாத்துகினே இருந்தேன், பசங்களுக்கும் போட்டு காட்னேன்.

வெட்டு வியுந்ததும் ஒடம்ப பின்னாடி வில்லா வளப்பாரு, எறா மாதிரி, ஜப்பான்லயும் அதுக்கு எறா பேர்தான் வெச்சிருக்கானுங்க. தல அப்டியே தொங்கி மூஞ்சி தலகீயா கேமராவ பாக்கும், கண்ணு முழி மேல போவும், ஒரு செகண்டு அப்டியே நிக்கும், அதுக்கப்பறம்தான் மொத்தமா சாயும். இதுல ரெண்டு வேல நடக்குது. ஒன்னு, வெட்டுனவன் கைல எவ்ளோ பவர்னு பாக்குறவனுக்கு தோணும். ரெண்டாவது, கேமராவுக்கு முதுக காட்டிகினு சாகுற ஆளுக்கு கூட மூஞ்சி ஒரு செகண்டு ரெஜிஸ்டர் ஆயிடும். முப்பது பேர்ல ஒருத்தனா வந்து ஹீரோவ மறைக்காம தன் மூஞ்சியயும் காட்டிட்டு போறான்னா அது மூளக்காரன் வேல. சாப்ளின் படம் பாத்து வியுறத கத்துகினேன்னு அவரே சொல்லிகீறார், பாத்தா தெரியும், வலிக்கிற மாரி வியுந்தாதான் ஜனம் நம்பும்ன்ற அதே கணக்கு.

இன்னொன்னு, நெறைய பேர் நெனைக்கிறாங்க ஹீரோ சூப்பரா வாள் சுத்துறான் அதனால இவனுங்க வியுறானுங்கன்னு. உல்டா. நடுவுல நிக்கிறவன அவங்க ஷின்னுன்னு சொல்வாங்க, சுத்தி வர்றவங்க கராமி. ஷின்னு சும்மா கைய வீசிட்டு போனா கூட கராமிங்க கரெக்ட் டைமிங்ல உள்ள வந்து கரெக்ட் டைமிங்ல ஒடம்ப ஒடச்சா அவன் மாவீரன் மாரி தெரிவான். கராமி கால் செகண்டு லேட்டா வியுந்தான்னு வெச்சுக்க, அவ்ளோ பெரிய ஸ்டாரும் கொசு அடிக்கிறவன் மாரி ஆயிடுவான். கைல இருக்குறது மூங்கில்ல செஞ்சு மேல வெள்ளி காயிதம் ஒட்டுன கத்தி, வெயிட்டு இருக்காது, அந்த வெயிட்ட வியுறவன்தான் ஒடம்புல காட்டணும். வாத்தியார் படத்துல வாத்தியாரும் நம்பியாரும் மோதுறத பாத்து வளந்தவங்க நாம, பின்னாடி படில உருண்டுகினு போனவன் எவன்னு யாராவது கேட்டுருக்கமா?

தண்டையார்பேட்டை டவுட்டு:

எல்லாம் சரி. நான் கொஞ்சம் குறுக்க வர்றேன், கோச்சுக்காதீங்க.

அம்பதாயிரம் கணக்கு போட்டு பாத்தேன். 1958லேர்ந்து 2003 வரைக்கும் 45 வருசம், வருசத்துக்கு ஆயிரத்து நூறு சாவு, லீவே இல்லாம தெனம் மூணு தடவ. காய்ச்சல் வந்தா, கல்யாணம் காச்சின்னா? எவன் கூட நின்னு நோட்ல எழுதிகிட்டு இருந்தான்? இன்னொன்னு, அந்த அபரென்போ ஷோகுன் சீரியல்ல ஹீரோ வாள திருப்பி புடிச்சு மழுங்க பக்கத்தாலதான் அடிப்பார், யாரையும் கொல்ல மாட்டார். அப்ப அதுல விழுந்ததெல்லாம் சாவு கணக்குல வருமா வராதா?

இது கூட விளையாட்டுக்கு. என்னோட நெஜமான கேள்வி வேற. 45 வருசம் ஒரு மனுசன கூட்டத்துலயே வெச்சிருந்துட்டு, கடைசில 71 வயசுல ஒரு ஹீரோ ரோல் குடுத்துட்டு, ஆகா என்ன அர்ப்பணிப்புன்னு கை தட்றது நல்லாவா இருக்கு? அவரோட பேட்டி புக்குக்கு 'எங்கயோ யாரோ பாத்துகிட்டு இருக்காங்க'ன்ற அர்த்தத்துல பேர் வெச்சிருக்காங்க, கேக்க நல்லாதான் இருக்கு. பாத்துகிட்டு இருந்தவன் 45 வருசம் என்னத்த பாத்துகிட்டு இருந்தான்? எங்க அப்பா ஒரு கம்பெனில வேல செஞ்சப்ப இந்த மாதிரி வசனம் நெறைய சொல்வாங்க, ப்ரமோஷன் மட்டும் வரவே வராது.

பெரம்பூர் பாஸ்கர்:

டவுட்டு சார், அம்பதாயிரம்ன்றது கணக்கு இல்ல, பட்டம். நம்ம ஊர்ல ரெண்டாவது நாளே 'வெற்றிகரமான 2வது வாரம்'னு போஸ்டர் ஒட்டுறதில்லயா, அத எவனாவது ஆடிட்டர் வெச்சு செக் பண்றானா. நெறைய தடவ செத்தார், அவர் அளவுக்கு பேர் வாங்கி செத்தவன் வேற இல்ல, அத அப்டி சொல்றாங்க.

ரெண்டாவது கேள்வி நியாயம், ஆனா முழுசா ஒத்துக்க மாட்டேன். அந்த பெரிய ஹால்லேர்ந்து மேல வந்தவங்களும் இருக்காங்க. கவதானி தகுஸோன்னு ஒருத்தர், இதே தோயெய் கியோத்தோல அடி வாங்குற கூட்டத்துல இருந்தவர்தான். 1973ல யாகுசா படம் ஒன்னுல அவர கட்டி போட்டு படகுக்கு பின்னாடி கடல்ல இழுத்துட்டு போவானுங்க, அந்த சித்ரவதைய அவர் தாங்குன விதத்த பாத்துதான் ஜனம் யாருடா இவன்னு கேட்டுச்சு. இவர மாதிரி அடி வாங்குற ஆளுங்க ஒன்னா சேந்து கடிக்கிற மீனு பேர்ல பிரானா படைன்னு பேர் வெச்சுகிட்டு ஊரயே கலக்குனாங்க, கவதானிக்கு பெரிய ரோல் எல்லாம் வந்து, கப் நூடுல்ஸ் மாதிரி ஒன்னுக்கு விளம்பரத்துல வந்து வீட்டுக்கு வீடு தெரிஞ்ச மூஞ்சி ஆயிட்டார். ஆக கதவு மொத்தமா சாத்தி இல்ல.

இன்னொரு பக்கம் ஷிமுரா தகாஷி. செவன் சாமுராய்ல மொட்டை அடிச்சிகிட்டு வர்ற தலைவர். அவர் குரோசவா படம் 21ல நடிச்சவர், மிஃபுனே நடிச்சதே 16 தான். 1952ல இகிரு படத்துல முழு ஹீரோ, முனிசிபாலிட்டில ஒரு பிரிவுக்கு தலைமை அதிகாரி, புத்துநோய் வந்து சாகுறதுக்குள்ள ஒரு பார்க் கட்டணும்னு அலைவார், நம்ம ரிப்பன் பில்டிங்ல ஒரு தடவ ஃபைல் தூக்கிகிட்டு அலஞ்சவனுக்கு அந்த படம் சப்டைட்டில் இல்லாமலே புரியும். 1954ல செவன் சாமுராய், அதே வருசம் நவம்பர்ல காட்ஜில்லாவுல விஞ்ஞானி. அடுத்த வருசமே குரோசவா படத்துல பல் டாக்டரா பக்க ரோல், ஹீரோ மிஃபுனே. இகிருல ஹீரோவா நின்னுட்டோம், இனிமே பக்கத்துல நிக்க மாட்டேன்னு அவர் சொல்லல. 1961ல யோஜிம்போல சாராய வியாபாரி, கொஞ்ச நேரம்தான் வருவார். குணச்சித்திரம்ன்றது ஹீரோ ஆக முடியாதவன் ஒதுங்குற எடம்னு நம்ம ஊர்ல ஒரு நெனப்பு இருக்கு. எஸ்.வி.சுப்பையா, டெல்லி கணேஷ் எல்லாம் பாத்த நாமளே அப்டி நெனைக்கலாமா?

தண்டையார்பேட்டை டவுட்டு:

ஷிமுராவுக்கு வசனம் இருந்துச்சு, குளோசப் இருந்துச்சு, டைட்டில்ல பேர் இருந்துச்சு. அவரயும் வாங்குன வெட்டுக்கு டைட்டில்ல பேர் கூட வராத ஆளயும் ஒரே தட்டுல வெக்காதீங்க அண்ணே. கவதானி கதை ஓகே, ஒத்துக்குறேன்.

ராயபுரம் ரேவதி:

நான் ரெண்டு பேருக்கும் நடுவுல பூந்துக்குறேன். அந்த 2014 படத்த, உசுமாசா லைம்லைட், போன மாசம்தான் பாத்தேன். கதை கிட்டத்தட்ட அவரோட சொந்த கதைதான், பேர மட்டும் மாத்தி கமியாமான்னு வெச்சிருக்காங்க. ரொம்ப வருசமா ஓடுன வாள் சண்ட சீரியல நிறுத்திடுறாங்க, புதுசா வர்ற ஹீரோவுக்கு வாளே பிடிக்க தெரியாது, பெரியவர்களுக்கு ஸ்டுடியோ பக்கத்துல இருக்குற சுற்றுலா பார்க்ல ஷோ பண்ற வேலதான் மிச்சம். அங்க ஒரு பொண்ணு வந்து எனக்கு வாள் சண்ட கத்துக் குடுங்கன்னு நிக்கும். அந்த பொண்ணா நடிச்ச சிஹிரோ யமமோதோ நெஜமாவே வூஷுன்ற சீன சண்டக் கலைல ஜெயிச்ச பொண்ணு, அதனால சண்ட சீன்ல டூப்பு வேலையே இல்ல, பாக்க அவ்ளோ நல்லா இருக்கும்.

நேர்மையா சொல்றேன், படம் கொஞ்சம் அழுவாச்சிதான். மியூசிக் போட்டு போட்டு அழு அழுன்னு சொல்றாங்க. ஆனா அவர் மட்டும் அழ மாட்டார். இந்த மனுசனுக்கு வாழ்க்க பூரா வசனமே இல்ல, அதனால ஹீரோ ஆனப்பறமும் வாய தொறக்குறதுக்கு யோசிக்கிறார், எல்லாம் முதுகுலயும் தோள்லயும் நடக்குது. மான்ட்ரியல்ல ஃபான்டாசியான்னு ஒரு படவிழா, அங்க அவருக்கு சிறந்த நடிகர் அவார்டு குடுத்தாங்க. பரிதாபத்துக்கு குடுத்த மாதிரி எனக்கு தோணல.

டவுட்டு அண்ணா சொல்ற கோவம் எனக்கும் இருக்கு, ஆனா கோவம் போற அட்ரஸ் வேற. அவர ஹீரோ ஆக்கலன்றது பெரிய அநியாயம்னு அவருக்கே தோணிருக்காது, அவருக்கு அந்த ஆசையே இருந்த மாதிரி தெரியல. 2011ல மிடோ கோமோன் நின்னு போச்சு பாருங்க, அதுதான் அடி. வாரா வாரம் முப்பது பேர் விழுற வேல இருந்த வரைக்கும் பதினஞ்சு வயசு பையன் ஒருத்தன் உள்ள வந்து மூத்தவங்க பக்கத்துல நின்னு விழ கத்துக்கலாம். அந்த சீரியல் இல்லன்னா பையன் எங்க வருவான்? இப்ப வாள கம்ப்யூட்டர்ல வரஞ்சுடலாம், ரத்தத்தயும் வரஞ்சுடலாம், ஆனா விழுறதுக்கு ஒரு ஒடம்பு வேணும்ல, அந்த ஒடம்பு செய்யறதுக்கு இருபது வருசம் ஆகும், அந்த இருபது வருசம் அதுக்கு யாரு சாப்பாடு போடுவா.

காசிமேடு கணேஷ்:

ரேவதிக்கா கரெக்ட்டா புடிச்சீங்க. இங்க மட்டும் இன்னா வாய்து, ஒரு காலத்துல தெருவுக்கு தெரு பாக்சிங் கத்துகினவன் இருந்தான், சிலம்பம் தெரிஞ்சவன் இருந்தான், ஃபைட்டர் வேணும்னா இந்த ஏரியாலேர்ந்துதான் நெறைய பேர் போவான். இப்ப பசங்க கயிறு கட்டிகினா ஆளு தானா பறக்குறான்னு நெனச்சிகினு வரானுங்க. கயிறு தூக்கும், எறக்கும், ஆனா அடி வாங்குன மாரி காட்டாது.

டவுட்டு தலிவா, அந்த மழுங்க பக்கம் மேட்டருக்கு ஒரே பதிலு: வாளு எந்த பக்கம் திரும்புனா இன்னா, வியுறவனுக்கு தரை ஒரே தரைதான்.

வியாசர்பாடி வினோ:

யப்பா, இவ்ளோ வரும்னு நெனைக்கவேயில்ல, எல்லாருக்கும் தாங்க்ஸ். மாமாவுக்கு எல்லாத்தயும் படிச்சு காட்னேன். கணேஷ் அண்ணன் எயுதுன எறா மேட்டர் வந்ததும் நிறுத்துன்னுட்டு, முட்டி வலியோட எய்ந்து செவத்த புடிச்சிகினு பின்னாடி வளஞ்சு காட்றார், மாமி வந்து திட்டி குந்த வெச்சாங்க. கம்பெனில 60 வயசு ரிட்டயர்மெண்ட்ன்றதுலதான் அவர் ரொம்ப நேரம் நின்னுகினு இருந்தார். "ஏன்டா, அடி வாங்குறவனுக்கு ரிட்டயர்மெண்டா? அப்ப கம்பெனி ஆளா அவன்?"ன்றார். இங்க எல்லாம் ஷூட்டிங் இருந்தா அன்னிக்கு பேட்டா, இல்லன்னா இல்ல. இத யாராவது கொஞ்சம் வெளக்க முடியுமா? அப்பால எந்த படம் மொதல்ல பாக்கணும்னும் சொல்லுங்க.

பெரம்பூர் பாஸ்கர்:

ஆமா தம்பி, அங்க பெரிய ஸ்டுடியோங்க எல்லாம் அந்த காலத்துல நம்ம ஜெமினி, ஏவிஎம் மாதிரிதான், டைரக்டர், கேமராமேன், தச்சு வேல செய்றவர், விழுறவர் எல்லாரும் கம்பெனி ஆளு. 1953ல அஞ்சு பெரிய கம்பெனி சேந்து ஒருத்தன் ஆள இன்னொருத்தன் இழுக்க கூடாதுன்னு ஒப்பந்தமே போட்டாங்க. ஸ்டாருக்கு அது விலங்கு, வேற கம்பெனில நல்ல படம் வந்தாலும் போக முடியாது. கூட்டத்துல நிக்கிறவனுக்கு அதே விலங்கு கொஞ்சம் பிடிமானம், நாளைக்கும் வேல இருக்கும்ன்ற தைரியம். டவுட்டு சார் சொன்ன மாதிரி மேல போற படி சின்னது, அது உண்மதான். ஆனா கீழ விழ தரை இருந்துச்சு. நம்ம ஊர்ல ஸ்டுடியோ சிஸ்டம் போனதும் தரையும் போச்சு, யூனியன் கார்டு மட்டும்தான் மிச்சம்.

படத்துக்கு வர்றேன். மாமாவுக்கு நேரா உசுமாசா லைம்லைட் போடாதீங்க, மொதல்ல அந்த பழைய சீரியல் சண்ட துண்டு வீடியோவா நெட்ல நெறைய கெடக்கு, அத போடுங்க, பெரியவரோட பேர அடிச்சு தேடுனாலே வரும். அப்பறம் லைம்லைட். லாஸ்ட் சாமுராய் கடைசி சண்டைய திரும்ப ஓட்டி பாருங்க, படம் முழுக்க பேசாத ஆளு ஒரே ஒரு தடவ டாம் குரூஸ் பேர சொல்லி கத்திட்டு அவருக்கு வர்ற குண்ட தான் வாங்கிக்குவார், அந்த எடத்த மாமா என்ன சொல்றார்னு கேட்டு இங்க வந்து எழுதுங்க.

ராயபுரம் ரேவதி:

வினோ, லைம்லைட்டுக்கு தமிழ் சப்டைட்டில் கெடைக்கல, இங்கிலீஷ்தான் இருக்கு. பக்கத்துல உக்காந்து நீங்கதான் சொல்லிகிட்டே வரணும். வசனம் கம்மிதான், பெருசா கஷ்டம் இருக்காது.